நந்தி மலைப் பக்கம் ஒயின் ஆலை பார்க்கப் போகிறவர்களுக்கு

பெங்களூரிலிருந்து ஒயின் ஆலைக்கு ஒரு நாள் போய்வரலாம் என்று பேச்செடுத்தால் எல்லோரும் முதலில் கேட்பது, எந்த ஆலை நல்ல ஆலை என்று. அதற்கு முன்னால் முடிவு செய்ய வேண்டியது மாதம். தொட்டபள்ளாபூர் பக்கத்து ஆலை ஒன்றுக்கு மார்ச் மாதக் காலையில் போனால், தோட்டத்திலிருந்து கிரேட் கிரேட்டாகப் பழம் வந்து இறங்கிக்கொண்டிருக்கும், அரைக்கும் கூடம் முழுக்கச் சாறு மணக்கும், தொட்டிக்குள் நொதிப்பது காதில் கேட்கும். அதே ஆலைக்கு ஆகஸ்டில் போனால் தோட்டத்தில் இலை மட்டும்தான். உள்ளே துடைத்துவைத்த எஃகுத் தொட்டிகள் வரிசையாக நிற்கும். வழிகாட்டி சொல்லும் விளக்கம் இரண்டு நாளும் ஒன்றே. கண்ணால் பார்ப்பது வேறு.

ஏன் இப்படி என்பதற்குக் கவாத்தை, அதாவது கொடியை வெட்டிவிடுவதை, புரிந்துகொள்ள வேண்டும். ஐரோப்பாவில் குளிர்காலம் வந்ததும் திராட்சைக் கொடி இலையை உதிர்த்துத் தூங்கிவிடும். நம் பக்கத்தில் அந்தக் குளிர் இல்லாததால் கொடி ஆண்டு முழுக்க வளரும், விட்டால் ஒன்றுக்கு மேற்பட்ட தடவை காய்க்கும். கம்பம் பள்ளத்தாக்கில் பன்னீர் திராட்சை போடுகிறவர்கள் அதையே வசதியாக எடுத்துக்கொண்டு பலமுறை அறுவடை செய்கிறார்கள். ஒயினுக்கு அது சரிப்படாது. பழத்தில் சர்க்கரையும் புளிப்பும் மணமும் ஒன்றாகத் திரள வேண்டுமானால் கொடியின் சக்தி ஒரே அறுவடைக்குப் போக வேண்டும். மழையிலும் பழம் பழுக்கக் கூடாது. அதனால் இரண்டு முறை வெட்டுகிறார்கள். ஏப்ரல், மே வாக்கில் முதல் கவாத்து. அது கிளையைத் தயார் செய்ய. செப்டம்பர், அக்டோபரில் இரண்டாவது கவாத்து. அது பழத்துக்கு. இரண்டாவது வெட்டிலிருந்து ஏறத்தாழ 120 முதல் 150 நாளில் பழம் பறிக்கலாம். கணக்குப் போட்டால் பிப்ரவரி, மார்ச், சில ரகங்களுக்கு ஏப்ரல் தொடக்கம். வெள்ளை ஒயினுக்கான பழம் முதலில் வரும், ஷிராஸ், கேபர்நே போன்ற கறுப்புப் பழங்கள் பின்னால்.

ஆகவே பிப்ரவரி நடுவிலிருந்து மார்ச் கடைசி வரைக்கும் ஒரு தேதியைப் பிடியுங்கள். முன்பதிவு செய்யும்போது "இந்த வாரம் பழம் அரைக்கிறீர்களா?" என்று போனில் கேட்டுவிடுங்கள். இந்த ஒரு கேள்விக்குக் கிடைக்கும் பதில்தான் அந்த நாளின் பாதி மதிப்பு. அந்த மாதங்களில் முடியாது என்றால் ஜனவரி பரவாயில்லை. பச்சைக் காய் கறுத்து நிறம் மாறுவதைக் கொடியிலேயே பார்க்கலாம். அக்டோபரில் போனால் வெட்டிய குச்சிகள்தான். ஆனால் கவாத்து நடக்கிற நாளாக அமைந்தால், குச்சியில் எந்தக் கண்ணுக்கு (மொட்டுக்கு) மேல் வெட்டுகிறார்கள், எத்தனை கண் விடுகிறார்கள் என்று பார்ப்பதே ஒரு பாடம். விவசாயக் குடும்பத்திலிருந்து வந்தவர்களுக்கு அது மார்ச்சைவிடப் பிடிக்கும்.

அறுவடை மாதத்திலும் முதல் நேரத்துச் சுற்றுதான் வேண்டும். வெயில் ஏறினால் பழத்தின் சூடு ஏறும், சூடான பழம் கிரேட்டிலேயே நசுங்கிப் புளிக்கத் தொடங்கும் என்பதால் விடிகாலையில் பறித்துக் காலைக்குள் அரைத்துவிடுவார்கள். பிற்பகல் மூன்று மணிச் சுற்றில் போகிறவர்கள் தண்ணீர் அடித்துக் கழுவிய தரையைத்தான் பார்ப்பார்கள். சனி, ஞாயிறு கூட்டம் அதிகம். முப்பது பேர் கொண்ட குழுவில் பின்னால் நிற்பவருக்கு, தொட்டிகளைக் குளிர்விக்கும் இயந்திரத்தின் சத்தத்தில் ஒன்றும் கேட்காது. வார நாளில் லீவு போட்டுப் போவது வீணாகாது.

எந்த ஆலை என்ற கேள்விக்கும் சுருக்கமாகப் பதில். நந்தி மலை அடிவாரத்தில், தொட்டபள்ளாபூரை ஒட்டிய ரகுநாதபுரத்தில் இருக்கும் குரோவர் ஜாம்பாதான் இந்தப் பக்கத்தின் மூத்த ஆலை. 1988இல் கன்வல் குரோவர் தொடங்கியது. பிரான்சின் ஒயின் நிபுணர் மிஷேல் ரோலான் நெடுங்காலம் அதற்கு ஆலோசகராக இருந்தார். 2012இல் நாசிக்கின் ஜாம்பா ஒயின் நிறுவனத்தோடு இணைந்தது. தோட்டம், அரைக்கும் கூடம், பீப்பாய் அறை எல்லாம் ஒரே இடத்தில் என்பதால் முதல் தடவை போகிறவர்களுக்கு இதைத்தான் சொல்வேன். மைசூர் சாலையில் சன்னபட்டணாப் பக்கம் சூலாவின் ஆலை இருக்கிறது. ஜெயநகர், பனசங்கரிப் பக்கம் இருப்பவர்களுக்கு அந்த வழி சுலபம். ஒரே நாளில் இரண்டையும் பார்க்கத் திட்டம் போடாதீர்கள். ஒன்று ஊருக்கு வடக்கே, மற்றது தென்மேற்கே. நடுவில் பெங்களூர் போக்குவரத்து முழுசும் கிடக்கிறது.

வண்டி விஷயத்தில்தான் நிறையப் பேர் தடுக்கி விழுகிறார்கள். போகும்போது ஆப்பில் டாக்சி கிடைத்துவிடும். திரும்பும்போது அந்தக் கிராமத்துச் சாலையில் ஒரு வண்டியும் வராது. நாள் வாடகைக்கே எடுங்கள். வழக்கமான 8 மணி நேரம், 80 கிலோமீட்டர் பேக்கேஜ் போதாது. அல்சூரிலிருந்து தொட்டபள்ளாபூர் போகவரவே 80 தாண்டிவிடும். நந்தி கோயிலையும் சேர்த்தால் 120க்கு மேல். எலக்ட்ரானிக் சிட்டியிலிருந்து என்றால் இன்னும் கூடும். கூடுதல் கிலோமீட்டருக்கும் மணிக்கும் தனித்தனியாகப் போட்டுக் கடைசியில் வரும் தொகையைவிட வெளியூர் வாடகை பல நேரம் குறைவாக இருக்கும், இரண்டையும் கேட்டு ஒப்பிடுங்கள். டிரைவருக்கு பேட்டா, சாப்பாடு இரண்டையும் முதலிலேயே பேசிவிடுவது மரியாதை.

சொந்தக் காரில் போய், "சும்மா ருசிதானே பார்க்கிறோம்" என்று ஓட்டி வரலாமா? கணக்கு இதோ. ஐந்து ஒயின், ஆளுக்கு 30 மில்லி வீதம் ஊற்றினால் 150 மில்லி. 13 சதவீத ஒயினில் அது 19.5 மில்லி சுத்த ஆல்கஹால், எடையில் 15 கிராம் சொச்சம். 60 கிலோ எடையுள்ள ஆண் வெறும் வயிற்றில் அரைமணிக்குள் குடித்தால் 100 மில்லி ரத்தத்தில் 35 முதல் 40 மில்லிகிராம் வரை ஏறலாம். 55 கிலோப் பெண்ணுக்கு 50ஐ ஒட்டி வரும். மோட்டார் வாகனச் சட்டத்தின் 185ஆம் பிரிவு அனுமதிப்பது 30. முதல் தடவையே 10,000 ரூபாய் அபராதம் அல்லது ஆறு மாதம் வரை சிறை, இரண்டும் சேர்ந்தும் வரலாம். உடம்பு ஒரு மணி நேரத்துக்கு 15 மில்லிகிராம் போலத்தான் குறைக்கும். இன்னொரு கிளாஸ் வாங்கிச் சாப்பாட்டோடு உட்கார்ந்தால் கணக்கு சாயங்காலம் வரைக்கும் நேராகாது. ஓட்டுகிறவர் குடிக்கவே கூடாது, அவ்வளவுதான்.

இன்னும் இரண்டு சட்ட விஷயம். 21 வயது ஆனதற்கு அடையாள அட்டை கேட்பார்கள், கையில் வைத்திருங்கள். அக்டோபர் 2 போன்ற உலர் நாட்களிலும், தேர்தல் வாக்குப்பதிவு முடிவதற்கு முந்தைய 48 மணி நேரத்திலும் மது ஊற்றவோ விற்கவோ மாட்டார்கள். நீண்ட வார இறுதி என்று பதிவு செய்யும்முன் காலண்டரைப் பாருங்கள்.

காலை எட்டு மணிக்குள் ஹெப்பாளைத் தாண்டிவிட்டால் நல்லது. வயிறு நிறையச் சாப்பிட்டுவிட்டுக் கிளம்புங்கள். நெய் விட்ட பொங்கல் இதற்கு மிகப் பொருத்தம், கொழுப்பு உள்ளே இருந்தால் மது ரத்தத்தில் ஏறுவது மெதுவாகும். கடைசி டிகாக்ஷன் காபி ருசி பார்ப்பதற்கு ஒரு மணி நேரத்துக்கு முன்னால் முடிந்துவிடட்டும். வெற்றிலை பாக்கு அன்றைக்கு வேண்டாம். மல்லிகைப்பூவும் வேண்டாம் என்று சொல்லச் சங்கடமாகத்தான் இருக்கிறது. ஆனால் தலையில் ஒரு முழம் மல்லி இருந்தால் வைத்திருப்பவருக்கு மட்டுமல்ல, சுற்றி நிற்கும் நாலு பேருக்கும் கிளாஸில் எல்லாமே மல்லியாகத்தான் மணக்கும். சென்ட்டுக்கும் இதே கதி. காலுக்கு ரப்பர் அடி போட்ட மூடின செருப்பு. அரைக்கும் கூடத்துத் தரை ஈரமாக, சாறு சிந்தி வழுக்கும்.

குடும்பத்தோடு போனால் நந்தி கிராமத்தின் போக நந்தீஸ்வரர் கோயிலை, ஆலையின் முதல் சுற்றுக்கு முன்பாகவே வையுங்கள். 9ஆம் நூற்றாண்டில் தொடங்கிக் கட்டப்பட்ட கோயில், குளமும் கல்மண்டபமும் பார்த்துத் தீராது. ஒயின் ஆலைக்குப் பிறகு கோயில் என்று வைத்தால் நம் வீட்டுப் பெரியவர்கள் யாரும் வண்டியை விட்டு இறங்கமாட்டார்கள். மலை உச்சிக்கு இந்தப் பயணத்தில் ஏறாதீர்கள், வார இறுதிகளில் சூரிய உதயம் பார்க்க வருகிற வண்டிகளில் காலை முழுதும் போய்விடும்.

இனி ஆலைக்குள். தோட்டத்தில் முதலில் கண்ணில் படுவது பந்தல் இல்லாதது. கம்பத்தில் தலைக்கு மேலே பந்தல் போட்டுக் குலை தொங்கும். இங்கே இடுப்பு உயரத்தில் கம்பி கட்டி, கொடியை வேலி மாதிரி நிமிர்த்தி நிறுத்தியிருப்பார்கள். காற்று ஓடும், வெயில் குலைமேல் அளவாகப் படும், இலை ஈரம் சீக்கிரம் காயும். ஈரம் நின்றால் அடிச்சாம்பல் நோய் வரும். மயில்துத்தமும் சுண்ணாம்பும் சேர்த்த போர்டோ கலவை அதற்குத்தான் அடிக்கிறார்கள். மருந்து தெளித்திருக்கக்கூடும் என்பதால் கேட்காமல் பழத்தைப் பறித்து வாயில் போடாதீர்கள். அனுமதி கொடுத்தால் கட்டாயம் ஒன்று சாப்பிட்டுப் பாருங்கள். சின்னப் பழம், தடித்த தோல், நிறைய விதை. இனிப்போ கடைப் பழத்தைவிடத் தூக்கல். சாற்றின் சர்க்கரையை அளக்கும் எண்ணுக்குப் பிரிக்ஸ் என்று பெயர். சாப்பிடும் திராட்சை 16 முதல் 18 பிரிக்ஸில் பறிக்கப்படும், ஒயின் பழம் 22 முதல் 24. அந்த எண்ணை 0.57ஆல் பெருக்கினால் ஒயினில் வரப்போகும் ஆல்கஹால் சதவீதம் ஏறத்தாழ வந்துவிடும். 23 பிரிக்ஸ் என்றால் 13 சதவீதம்.

அடிமரத்தில் தரைக்குச் சற்று மேலே ஒரு முடிச்சு தெரியும். அங்கேதான் ஒட்டு. கீழே வறட்சியும் உப்பும் தாங்கும் வேர்ச்செடி, இந்தியாவில் பெரும்பாலும் டாக்ரிட்ஜ் என்ற வகை. மேலே ஐரோப்பிய ரகம். இந்த வட்டாரத்தின் சொந்தப் பழமான பெங்களூர் நீலம் பற்றியும் கேளுங்கள். 2013இல் புவிசார் குறியீடு வாங்கிய பழம். நம் ஆட்கள் அதைப் பன்னீர் திராட்சை என்று நினைத்துக்கொள்கிறார்கள், அது வேறு, கம்பத்துப் பன்னீர் மஸ்கட் வகை. பெங்களூர் நீலத்தில் அமெரிக்கத் திராட்சையின் வாடை உண்டு. ஜூஸுக்கும் இனிப்பு ஒயினுக்கும் போகும், இனிப்பில்லாத நல்ல உலர் ஒயினுக்குப் போகாது.

அரைக்கும் கூடத்தில் கவனிக்க வேண்டியது ஒரே வேறுபாடுதான். வெள்ளை ஒயினுக்குப் பழத்தை உடனே பிழிந்து தோலைப் பிரித்துவிடுவார்கள். சிவப்புக்குத் தோல், விதை, சாறு எல்லாம் ஒன்றாகத் தொட்டிக்குள் போகும். நிறமும் துவர்ப்பும் தோலில் இருக்கிறது, சாற்றில் இல்லை. கறுப்புத் திராட்சையின் சாறு வெள்ளையாக இருப்பதை அங்கேயே ஒரு பழத்தை நசுக்கிப் பார்க்கலாம். நொதிக்கும்போது கிளம்பும் வாயு தோலை மேலே தள்ளி மொத்தையாக மிதக்கவிடும். அதை நாளுக்குச் சில தடவை கீழிருந்து சாறெடுத்து நனைக்க வேண்டும். நனைக்காமல் விட்டால் மொத்தை காய்ந்து, சூடேறி, வினிகர் வாடை பிடிக்கும். சிவப்பு 24 முதல் 30 டிகிரியில் நொதிக்கலாம், வெள்ளையை 18க்கு மேல் விட்டால் பழ மணம் வாயுவோடு பறந்துவிடும். தொட்டியைச் சுற்றிக் குளிர்நீர் உறை இருப்பது அதற்காக. மூடி திறந்த தொட்டிக்குள் தலையை நீட்டிப் பார்க்கவே பார்க்காதீர்கள். ஒரு லிட்டர் சாறு நொதித்தால் 40 லிட்டருக்கு மேல் கரியமில வாயு வரும், அது காற்றைவிட கனம் என்பதால் தொட்டியின் வாயில் தேங்கி நிற்கும். இரண்டு மூச்சில் ஆள் மயங்கிவிடுவார். கைப்பிள்ளையோடு போகிறவர்கள் இந்த இடத்தில் தள்ளி நிற்க வேண்டும்.

பீப்பாய் அறை குளிராகவும் இருட்டாகவும் இருக்கும், எல்லோரும் போட்டோ எடுப்பது அங்கேதான். ஒரு பீப்பாய் 225 லிட்டர், சரியாக 300 பாட்டில். பொங்கும் ஒயின் செய்யும் ஆலையாக இருந்தால் பாட்டிலின் அடியைத் தடவிப் பார்க்கச் சொல்வார்கள். உள்ளே ஐந்து, ஆறு வளிமண்டல அழுத்தம், கார் டயரில் இருப்பதுபோல் இரண்டு மடங்குக்கு மேல். கண்ணாடி அவ்வளவு தடிமனாக இருப்பதற்கு அதுதான் காரணம்.

சைவர்கள் இங்கே ஒரு கேள்வி கேட்க வேண்டும்: "ஒயினை எதைப் போட்டுத் தெளிய வைக்கிறீர்கள்?" முட்டை வெள்ளை, மீனின் காற்றுப்பையிலிருந்து எடுக்கும் பசை, பாலின் கேசின், பென்டோனைட் என்ற களிமண், இவற்றில் எதுவும் இருக்கலாம். பென்டோனைட் என்று பதில் வந்தால் கவலையில்லை.

ருசி பார்க்கும் மேசைக்கு வருவோம். இங்கே நம் மொழி கைகொடுக்கிறது. சிவப்பு ஒயினைக் குடித்ததும் நாக்கும் ஈறும் இழுத்துப் பிடிப்பதை விளக்க ஆங்கிலத்தில் வழிகாட்டி சுற்றிவளைப்பார். நமக்கு அறுசுவையிலேயே அதற்கு இடம் உண்டு. துவர்ப்பு. நாவல் பழமும் பாக்கும் வாழைப்பூவும் தின்று வளர்ந்த நாக்குக்கு அது புதுசே இல்லை. அந்தத் துவர்ப்பு நாவல் பழம்போல மெல்ல இருக்கிறதா, பச்சைப் பாக்குபோலக் கரகரக்கிறதா என்று பார்த்தாலே ஒயினைப் பற்றிப் பாதி தெரிந்துவிடும். மணங்களுக்கும் அட்டையில் எழுதியிருக்கிற, நாம் தின்றே பார்க்காத பழங்களைத் தேட வேண்டாம். சோவின்யான் பிளாங்க் என்ற வெள்ளை ஒயினில் குடைமிளகாயும் அறுத்த புல்லும் மாங்காயும் கிடைக்கும். இன்னொரு வெள்ளையான செனின் பிளாங்கில் கொய்யா, தேன். ஷிராஸில் மிளகு மணப்பது கற்பனை அல்ல, ரொட்டண்டோன் என்ற ஒரே வேதிப்பொருள் மிளகிலும் ஷிராஸ் தோலிலும் இருக்கிறது. கிராம்பும் வனிலாவும் மணந்தால் அது பழத்திலிருந்து வந்ததல்ல, ஓக் பீப்பாயிலிருந்து வந்தது.

செய்முறை எளிது. கிளாஸைத் தண்டில் பிடியுங்கள், வெள்ளைத் தாளின் மேல் சாய்த்து நிறம் பாருங்கள், ஆட்டாமல் ஒரு முறை மோந்துவிட்டு, சுழற்றி மறுபடி மோந்து பாருங்கள். சின்ன மடக்கு, வாய் முழுக்கப் பரவ விட்டு ஐந்து விநாடி. பக்கத்தில் ஒரு பாத்திரம் இருக்கும், அதில் துப்பலாம். நம் பழக்கத்துக்குக் கூச்சமாக இருக்கும், ஆனால் தொழில் செய்கிறவர்கள் எல்லோரும் துப்பத்தான் செய்கிறார்கள், நாலாவது கிளாஸில் மூக்கு மழுங்காமல் இருக்க வேறு வழியில்லை. வரிசை பொங்கும் ஒயின், வெள்ளை, ரோஸே என்ற இளஞ்சிவப்பு ஒயின், சிவப்பு, கடைசியில் இனிப்பு. சிவப்பு முதலில் வந்தால் மாற்றித் தரச் சொல்லிக் கேளுங்கள், துவர்ப்பேறிய நாக்கில் வெள்ளை தண்ணீராகத் தெரியும். ஐஸ்போலக் குளிர்ந்து மணமே இல்லாமல் வந்தால், குற்றம் ஒயினில் இல்லை, கிளாஸின் கிண்ணப் பகுதியை இரண்டு உள்ளங்கையிலும் ஏந்தி இரண்டு நிமிடம் வைத்திருங்கள்.

கெட்ட ஒயினும் சில நேரம் மேசைக்கு வரும், பெரும்பாலும் நேற்றுத் திறந்து மிச்சம் வைத்த பாட்டில். நறுக்கிக் கறுத்த ஆப்பிள் வாடை என்றால் காற்றுப் பட்டது. வினிகர் அல்லது நகப்பூச்சு வாடை என்றால் பாக்டீரியா வேலை. நனைந்த அட்டைப்பெட்டி வாடை என்றால் கார்க் கெட்டது. அழுகின முட்டை வாடை கொஞ்சமாக இருந்தால் சுழற்றினாலே போய்விடும். தயங்காமல் சொன்னால் புதுப் பாட்டில் திறப்பார்கள்.

மதியச் சாப்பாட்டில் காரம் இருந்தால் துவர்ப்பான சிவப்பைத் தவிருங்கள், ஆல்கஹாலும் துவர்ப்பும் மிளகாய் எரிச்சலைக் கூட்டும். லேசான இனிப்புள்ள செனின் பிளாங்க் ஆந்திரக் காரத்துக்கும் செட்டிநாட்டுக் காரத்துக்கும் நன்றாக ஒத்துப்போகும்.

வாங்குவதென்றால் வெள்ளையில் அறுவடை ஆண்டைப் பாருங்கள், இரண்டு ஆண்டுக்கு மேல் பழசு வேண்டாம். திருகு மூடி மட்டம் என்று நினைக்க வேண்டாம், பெங்களூர் வீட்டு அலமாரிக்குக் கார்க்கைவிட அதுவே பத்திரம். பில்லை வாங்கி வையுங்கள். பாட்டிலை டிக்கியில் போடாதீர்கள். மார்ச் வெயிலில் நிறுத்திய காருக்குள் 50 டிகிரி தாண்டும், ஒயின் வெந்து கார்க் மேலே தள்ளிக்கொண்டு நிற்கும். பின்சீட்டுக் காலடியில், ஏசி படுகிற இடத்தில், தெர்மாகோல் பெட்டியில் வையுங்கள். அதனால்தான் ஆலையைக் கடைசி நிறுத்தமாக வைத்து, நாலு மணிக்குள் கிளம்பி, ஹெப்பாள் மேம்பாலம் அடைபடும் முன் வீடு சேரச் சொல்வது.

வீட்டில் சிவப்பைக் குடிக்கும் முன் அரைமணி ஃபிரிட்ஜில் வையுங்கள். 16 முதல் 18 டிகிரி அதற்கு வேண்டும், நம் கூடத்து மேசை 27இல் இருக்கும். அந்த வாரமே கிருஷ்ணகிரிக்கோ சேலத்துக்கோ ஊருக்குப் போகிறவர்கள் பாட்டிலை பெங்களூர் வீட்டிலேயே விட்டுவிட்டுப் போங்கள். ஓசூர் எல்லைக்கு அந்தப் பக்கம் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம், கர்நாடகப் பில் அங்கே செல்லாது.